குத்தூஸ் பாய் கடையில் ஞாயிறு ஹாஜிரி

மூன்று மாதம் ஜெயிலில் போட்டிருந்தால் திருநாவுக்கரசு மூன்றே மாதத்தில் வெளியே வந்திருப்பான். அவனைத் திருத்துவது என்று முடிவானதால் இரண்டு வருடம் நாலு மாதம் ஆயிற்று. இதில் கடைசி நாலு மாதம் சர்க்கார் கொடுத்தது அல்ல. அந்தமான் ஹட் பேயில் மளிகைக் கடை வைத்திருந்த அப்துல் குத்தூஸ் என்ற நல்ல மனிதர் கொடுத்தது. இது அந்த நல்ல மனிதரின் கதை.

குத்தூஸுக்குச் சொந்த ஊர் கீழக்கரை. அந்த ஊர் ஆண்கள் கடல் தாண்டிப் போய்க் கடை வைப்பார்கள், பெண்கள் வீட்டைப் பார்த்துக்கொள்வார்கள், நடுவில் இருக்கிற தண்ணீரைத் தபால்காரர் பார்த்துக்கொள்வார். குத்தூஸின் வாப்பாவுக்குக் கொழும்பு வாய்த்தது, பெரியவாப்பாவுக்கு ரங்கூன். இவர் தலையெடுத்தபோது அந்த இரண்டு இடமும் கதவைச் சாத்திக்கொண்டிருந்தன. மிஞ்சியது அந்தமான். போர்ட் பிளேரில் உறவுக்காரர் கடையில் சில வருடம் நின்றார். லிட்டில் அந்தமானில் காட்டை வெட்டிக் கிழக்கு வங்காளத்து அகதிகளைக் குடியேற்றுகிறார்கள் என்று கேள்விப்பட்டதும், ஜனம் வந்தால் மண்ணெண்ணெய் வேண்டுமே என்று ஒரு தகரக் கொட்டகையோடு ஹட் பேயில் இறங்கினார்.

ஜனம் வந்தது. மண்ணெண்ணெயும் கேட்டது. எல்லாம் இந்தியில். வங்காளி, தெலுங்கர், ராஞ்சியிலிருந்து வந்த கூலிகள் எல்லோரும் தத்தம் பாஷையைக் குடிசையில் கழற்றி வைத்துவிட்டு, உடைந்த இந்தியோடு கடைக்கு வருவார்கள். குத்தூஸும் உடைந்த இந்தியில் பதில் சொல்வார். தேல், சாவல், பீடி, நமக்; அதாவது எண்ணெய், அரிசி, பீடி, உப்பு. வாரம் முழுக்க இந்த நாலு வார்த்தையை வைத்துக்கொண்டே வாழ்ந்துவிட முடியும் என்பது அவருக்கே ஆச்சரியமாக இருந்தது. பிற்பகல் அஸர் தொழுகைக்குப் பாய் விரிக்கும்போதுதான் காலையிலிருந்து தன் சொந்தப் பாஷையில் ஒரு சொல்லும் பேசவில்லை என்பது நினைவுக்கு வரும். சாலை போடும் முகாமில் நாலைந்து தமிழர்கள் இருந்தார்கள்தான். அவர்களும் கடைக்கு வந்து, "பாய், பீடி" என்பார்கள். அதையும் தமிழ்க் கணக்கில் சேர்ப்பதா என்பது அவரவர் தாராளத்தைப் பொறுத்தது.

கீழக்கரையில் மனைவி ரஹ்மத்துன்னிசா இருந்தாள். "இந்த நோன்புக்காவது வருவீங்கதானே" என்று எழுதுவாள். "இன்ஷா அல்லாஹ், அடுத்த கப்பலில்" என்று இவர் எழுதுவார். அடுத்த கப்பலில் இந்தக் கடிதம் மட்டும் போகும். ஒன்பது வருடமாக அப்படித்தான்.

இந்த நிலையில்தான் 1971-ல் ஒரு தார்ப்பாய் காணாமல் போயிற்று.

திருநாவுக்கரசு முதுகுளத்தூர்ப் பக்கத்து ஆள். இருபத்தாறு வயது. தாய் தகப்பன் இல்லை, சுசீலா என்று ஒரே தங்கை. அவளைக் கட்டிக்கொடுத்துவிட்டு, கங்காணி ஒருவரின் கப்பல் டிக்கெட்டில் சாலை வேலைக்கு வந்தவன். ஐந்து பேர் இருந்த குடிசை ஒழுகியது. அந்தத் தீவில் மழை பெய்யத் தொடங்கினால் நிறுத்துவது எப்படி என்று அதற்குத் தெரியாது. ஒரு நாள் இவன் முகாம் ஸ்டோரிலிருந்து தார்ப்பாய் ஒன்றைக் கொண்டுவந்து கூரைமேல் போட்டான். ஐந்து பேரும் நனையாமல் தூங்கினார்கள். ஓவர்சியர் வந்து மேலே பார்த்தபோது நாலு பேர் தாங்களும் அப்போதுதான் அதைப் பார்ப்பதுபோல் பார்த்தார்கள்.

போர்ட் பிளேர் கோர்ட்டில் மூன்று மாதம் என்று சொல்வதற்கு எல்லாம் தயாராக இருந்தது. அப்போதுதான் பக்தவத்சலம் எழுந்தார். மெட்ராசிலிருந்து புதிதாக வந்திருந்த நன்னடத்தை அதிகாரி. அவருக்கு ஓர் அறை, ஒரு மேஜை, ஒரு டைப்ரைட்டர் எல்லாம் கொடுத்திருந்தார்கள். திருத்துவதற்கு ஆள்தான் கொடுக்கவில்லை. "குற்றவாளியைச் சுவருக்குள்ளே வைத்தால் சுவர்தான் திருந்தும், கனம் நீதிபதி அவர்களே" என்றார். "சமுதாயத்தின் கையில் கொடுங்கள்." கோர்ட்டும் கொடுத்தது. இரண்டு வருடம் நன்னடத்தை. தீவை விட்டுப் போகக் கூடாது. ஞாயிறுதோறும் மாலை நான்கு மணிக்கு ஒரு கண்ணியமான மேற்பார்வையாளர் முன் ஆஜராக வேண்டும், தீவு இந்தியில் ஹாஜிரி. அவர் இவன் நடத்தையைப் புத்தகத்தில் எழுத வேண்டும்.

அந்தமானுக்கு ஆட்களைக் கொண்டுவந்து தண்டித்த காலம் ஒன்று உண்டு. அந்தமானிலேயே இருக்கிறவனை எங்கே கொண்டுபோய்த் தண்டிப்பது என்பது பிற்காலத்துக்கு வந்த சிக்கல். தீவை விட்டுப் போகக் கூடாது என்ற நிபந்தனை ஹட் பேயில் எல்லோருக்குமே இருந்தது. திருநாவுக்கரசுக்கு மட்டும்தான் அதை எழுத்தில் கொடுத்தார்கள்.

கண்ணியமான மேற்பார்வையாளரைத் தேடி பக்தவத்சலம் ஹட் பேக்கு வந்தார். நிலையான முகவரி இருக்க வேண்டும், குடிக்கக் கூடாது, தமிழ் எழுதப் படிக்கத் தெரிய வேண்டும். தேர்தல் போட்டியின்றி முடிந்தது.

முதல் ஞாயிறு திருநாவுக்கரசு தலையை வாரி, சட்டைப் பொத்தானைக் கழுத்துவரை போட்டுக்கொண்டு வந்து நின்றான்.

"வந்துட்டேன் பாய்."

"வந்துட்டியா? உக்காரு தம்பி. என்னா செய்யணும்னு ஒனக்குத் தெரியுமா?"

"தெரியாது பாய். நீங்க திருத்துவீகன்னு சொன்னாக."

"எனக்கும் தெரியாதுப்பா. டீ குடிக்கிறியா?"

குடித்தான். குத்தூஸ் புத்தகத்தைத் திறந்தார். தேதி, வந்தாரா, நடத்தை, மேற்பார்வையாளர் கையெழுத்து என்று நாலு கட்டம். நடத்தைக் கட்டத்தில் "திருப்தி" என்று எழுதினார். நாலு வாரம் அப்படியே எழுதினார். போர்ட் பிளேரிலிருந்து கடிதம் வந்தது: "திருப்தி என்பது போதாது. விவரம் தேவை."

விவரம் கேட்டார்கள் அல்லவா, கொடுத்தார். "20-2-72. வந்தார். நடத்தை: தாயத்தில் தோற்றபோது கோபப்பட்டார். பிறகு சிரித்தார்." "12-3-72. வந்தார். நடத்தை: சளி. சுக்கும் மிளகும் தட்டிக் கொடுத்தேன். வேண்டாம் என்றார். குடித்தார்." போகப் போகக் கட்டம் போதவில்லை. ஓரத்திலும் எழுதினார். "மழை. காலையிலிருந்து கடைக்கு ஒருவரும் இல்லை. நான்கு மணிக்கு அவர் வந்தார்." இதில் யாருடைய நடத்தை இருக்கிறது என்று போர்ட் பிளேரில் யாரும் கேட்கவில்லை. பக்தவத்சலத்துக்கு மகிழ்ச்சி. நாட்டிலேயே இவ்வளவு நுணுக்கமான அறிக்கை எந்தத் திட்டத்திலும் வந்ததில்லை என்று மேலே எழுதினார். திட்டத்தில் இருந்தது ஒரே ஆள் என்பதை எழுதும் இடத்தில் சதவீதம் போட்டார்.

தாயத்துக்குப் பலகை, டீப் பெட்டியின் மூடி. சோழி கடற்கரையில் கிடந்தது. கட்டம் சுண்ணாம்பில் போட்டது.

"குலுக்குங்க பாய். ஓவர்சியர் ஜல்லியப் பாக்குற மாதிரி தொட்டுத் தொட்டுப் பாத்தா தாயம் எங்கிட்டு விழும்?"

"பேசாம இருடா. நான் ஒன் மேற்பார்வை."

"மேற்பார்வைன்னா மேல பாக்கணும். நீங்க ஏன் என் காய வெட்டவே பாக்குறீக?"

"எழுதிருவேன் பாத்துக்க. மேற்பார்வையாளரை எதிர்த்துப் பேசினார்னு."

"எழுதுங்க. கூடவே மேற்பார்வையாளர் அழுகுணி ஆட்டம் ஆடினார்னும் எழுதணும்."

முடியாத ஆட்டத்தைக் கலைக்க மாட்டார்கள். பலகைமேல் சோப்புப் பெட்டியைக் கவிழ்த்து, அதன்மேல் எடைக்கல்லை வைப்பார் குத்தூஸ். திங்கள் முதல் சனி வரை அந்தப் பெட்டி அங்கேயே இருக்கும். சாமான் வாங்க வருகிறவர்கள் உள்ளே என்ன என்று கேட்டால், "இத்வார்" என்பார். ஞாயிற்றுக்கிழமை.

அவனுக்குப் படிக்கத் தெரியாது. சுசீலாவின் கடிதங்கள் கடை முகவரிக்கே வரும். குத்தூஸ் படித்துக்காட்டுவார், பதிலும் எழுதுவார், கடிதங்களைக் கட்டி அலமாரியில் வைப்பார். ஆக அவனுக்குக் காவல், சாட்சி, தபாலாபீஸ், எதிர் ஆட்டக்காரர் எல்லாம் ஒரே ஆள்.

இரண்டு வருடம் எந்த நாளிலிருந்து எண்ண வேண்டும் என்பதில் திருநாவுக்கரசுக்குக் குழப்பம். தீர்ப்புச் சொன்ன நாளிலிருந்தா, புத்தகம் வந்த நாளிலிருந்தா? புத்தகம் இரண்டு மாதம் தாமதமாக வந்தது. "முடிஞ்சதும் காயிதம் அனுப்புவோம், அதுவரைக்கும் அசையாதே" என்று பக்தவத்சலம் சொல்லியிருந்தார். அதனால் 1973 மழை முடிந்ததிலிருந்து அவன் வரும்போதே கேட்பான்:

"பாய், காயிதம் வந்துச்சா?"

"வரல தம்பி."

அது உண்மையாக இருந்தது, கார்த்திகை வரை.

நவம்பர் இருபத்தைந்து, ஞாயிறு. மத்தியானம் போர்ட் பிளேர் கப்பல் வந்து நின்றது. ஆறு மணிக்குத் திரும்புகிறது. தபாலில் குத்தூஸுக்கு இரண்டு கடிதம். ஒன்று பக்தவத்சலத்தின் முத்திரை போட்டது: திருநாவுக்கரசு என்பவரின் நன்னடத்தைக் காலம் முடிந்தது, அவர் இனி எங்கும் செல்லலாம், இதை அவருக்கு உடனே தெரிவிக்கவும். குத்தூஸ் சட்டைப் பைக்குள் வைத்தார். வந்ததும் சொல்லிவிடலாம். இனிப்பு ஏதாவது இருக்கிறதா என்றுகூடப் பார்த்தார். பேரீச்சம்பழம் இருந்தது. எடுத்து வைத்தார்.

நான்கு மணிக்கு அவன் வந்தான். முதலில் சுசீலாவின் கடிதத்தைப் படித்தார். "குழந்தை மங்கையர்க்கரசிக்குத் தை இருபத்திரண்டாம் தேதி காது குத்துவதாக இருக்கிறோம். தாய்மாமன் மடியில் உட்காராமல் என் பிள்ளைக்குக் காது குத்துவது எப்படி. அண்ணன் எப்படியாவது வர வேண்டியது."

அவன் முகத்தைக் குத்தூஸ் பார்த்தார். சொன்னால் அடுத்த நிமிடமே எழுந்து ஓடுவான். கப்பல் கண்ணெதிரே நிற்கிறது. சோப்புப் பெட்டியைத் தூக்கி ஆட்டத்தை அப்போதுதான் திறந்திருந்தார்கள். இவருடைய மூன்று காய் இன்னும் வெளியில். காதுகுத்துக்கு எழுபது நாள் இருக்கிறது. பதினைந்து நாளைக்கு ஒரு கப்பல். இந்த ஒரு ஞாயிறு போகட்டும்.

"பாய், காயிதம் வந்துச்சா?"

"வரல தம்பி," என்றார் குத்தூஸ். "பேரீச்சம்பழம் சாப்பிடு."

அன்றைய பதிவு: "வந்தார். நடத்தை: நன்று. இரண்டு ஆட்டம்." ஆறு மணிக்குக் கப்பல் ஊதியது.

அடுத்த ஞாயிறு சொல்லியிருக்கலாம். ஆனால் காகிதத்தில் தேதி இருந்ததே. போன வாரமே வந்ததை இந்த வாரம் கொடுத்தால், ஏன் என்று ஒரு கேள்வி வரும். ஒரு வாரத்துக்கு ஒரு பதில் போதும். இரண்டு வாரத்துக்கு இரண்டு வேண்டும். குத்தூஸிடம் ஒன்றுகூட இல்லை. காகிதம் சட்டைப் பையிலிருந்து பிஸ்கட் டின்னுக்குப் போயிற்று. டின் மேல் அலமாரிக்குப் போயிற்று. மார்கழியில் கடல் கெட்டு ஒரு கப்பல் வரவே இல்லை. அதற்கு அவர் சந்தோஷப்பட்டார். சந்தோஷப்பட்டதற்காக அன்று இரவு இஷா தொழுகையோடு கூடுதலாக இரண்டு ரக்அத் தொழுதார்.

"பாய், காயிதத்துக்குக் காத்திருந்தா தை போயிரும். லீவு கேட்டு ஒங்க கையால ஒண்ணு எழுதுங்களேன். பதினஞ்சு நாள் போயிட்டு ஓடியாந்துர்றேன்."

"எழுதியிருக்கேன் தம்பி."

இதுவும் முழுப் பொய் அல்ல. எழுதினார். "கனம் ஐயா அவர்களுக்கு, மேற்படி நபருக்குப் பதினைந்து நாள் விடுப்பு" என்று அழகான கையெழுத்தில் எழுதி, உறையிலிட்டு, தபால்தலையும் ஒட்டினார். போடவில்லை. போட்டால், அவன்தான் விடுதலையாகிவிட்டானே என்று பதில் வருமே. அந்த உறையும் பிஸ்கட் டின்னுக்குப் போயிற்று.

ஜனவரி இருபது. இந்தக் கப்பலைப் பிடித்தால்தான் போர்ட் பிளேரில் மெட்ராஸ் கப்பல் கிடைக்கும், காதுகுத்துக்குப் போய்ச் சேரலாம். குத்தூஸ் காலையிலேயே டின்னைக் கீழே இறக்கிவிட்டார். கல்லாமேல் வைத்தார். இன்று கொடுத்துவிடுவது. என்ன கேட்டாலும் கேட்கட்டும்.

திருநாவுக்கரசு ஈர்க்கில் கோத்த இரண்டு மீனோடு வந்தான். இவர் வாயைத் திறக்குமுன் அவனே பேசினான்.

"விடுங்க பாய். நீங்களும் எவ்வளவுதான் எழுதுவீக. ஒங்க மொகத்தப் பாத்தாலே தெரியுது, ரெண்டு மாசமா தூக்கமில்ல. அடுத்த பிள்ளைக்குப் பாத்துக்குருவோம். என்ன, இங்கிட்டு ஒரு சொந்தமும் இல்லாமலா கெடக்கேன்? நீங்க இருக்கீகள்ல."

குத்தூஸ் டின்னைப் பார்த்தார். பிறகு மீனைப் பார்த்தார்.

"குழம்பு வைக்கவா, பொரிக்கவா?" என்று கேட்டார்.

கப்பல் ஆறு மணிக்கு ஊதியது. அன்றைய பதிவில் நடத்தைக் கட்டத்தில் "மிக மிக நன்று" என்று இருக்கிறது. அது ஒன்றுதான் அந்தப் புத்தகத்தில் ஒரு இம்மிகூடப் பிசகாத உண்மை.

மார்ச் பதினேழாம் தேதிக் கப்பலில் சுசீலாவின் அடுத்த கடிதம் வந்தது. அவன் சம்மணம் போட்டு உட்கார்ந்தான். இவர் மூக்குக் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு படித்தார்.

"அன்புள்ள அண்ணனுக்குச் சுசீலா எழுதிக்கொண்டது. நீ வருவாய் என்று இரண்டு முகூர்த்தத்தைத் தள்ளி வைத்தோம். இரண்டு தடவையும் ஆசாரி வந்து சும்மா திரும்பினார். மாமியார் வீட்டில் பேச்சு வந்துவிட்டது. மாசியில் பெரியப்பா மகன் பழனிசாமியை வரச்சொல்லி, அவன் மடியில் உட்காரவைத்துக் குத்தினோம். பிள்ளை ரொம்ப அழவில்லை. உன்னைப் பார்த்ததே இல்லை அல்லவா, இப்போது பழனிசாமியைத்தான் மாமா மாமா என்று சுற்றுகிறது. உன்மேல் எனக்கு வருத்தம் இல்லை. உன்னை விடாமல் பிடித்து வைத்திருக்கிற அந்த ஆள் யாரோ, அவர்..."

குத்தூஸ் நிறுத்தினார்.

"மேல படிங்க பாய்."

"அவர் பிள்ளைகுட்டியோடு நன்றாக இருக்கட்டும்." அப்படியேதான் எழுதியிருந்தது.

திருநாவுக்கரசு லேசாகச் சிரித்தான். "அவளுக்குத் திட்டவே வராது பாய். அந்த பக்தவத்சலம் சாப் காதுல விழுந்தா சந்தோசப்படுவாரு."

குத்தூஸ் எழுந்து போய் டின்னை எடுத்துவந்தார். மூடியைத் திறந்தார். முத்திரை போட்ட காகிதத்தை அவன் முன்னால், தாயப் பலகைமேல் வைத்தார்.

"காயிதம் வந்துருச்சா!" என்று அவன் துள்ளினான். எடுத்து வெளிச்சத்தில் பிடித்தான். எழுத்துத் தெரியாவிட்டாலும் எண் தெரியும். மைல் கல்லுக்கு எண் எழுதுகிறவன் அவன்தான். முத்திரைக்குப் பக்கத்திலிருந்த தேதியில் விரலை வைத்தான். விரல் அங்கேயே நின்றது.

"பாய், இது பதினொண்ணாம் மாசம்."

"ஆமா தம்பி."

"இப்ப மூணாம் மாசம்."

"ஆமா."

"கப்பல்ல தங்கிப்போச்சா?"

இப்படி ஒரு வழியை அவனே திறந்து வைத்தான். குத்தூஸ் ஒரு கணம் அந்த வழியைப் பார்த்தார். பிறகு, "இல்ல, எங்கிட்டதான் இருந்துச்சு," என்றார்.

"ஏன் பாய்?"

பதினாறு ஞாயிறாகத் தேடியும் கிடைக்காத பதில் கண்ணெதிரேயே இருந்தது. குத்தூஸ் தாயப் பலகையைக் கையால் காட்டினார்.

"இதுக்கா?"

"இதுக்குத்தான்."

அவன் பலகையையே பார்த்துக்கொண்டிருந்தான். கோபப்படுவான், கத்துவான், அடித்தாலும் அடிப்பான் என்று குத்தூஸ் எதிர்பார்த்தார். எதிர்பார்த்தது என்ன, விரும்பினார்.

"ஒரு வார்த்தை சொல்லியிருந்தா போயிட்டு வந்திருப்பேனே பாய்," என்றான் அவன். எழுந்து காகிதத்தை நாலாக மடித்துப் பையில் வைத்தான். வாசல்வரை போய்த் திரும்பினான். "ரெண்டு வருசமா என் நடத்தைய நீங்க எழுதுனீக. ஒங்களோடத யாரு எழுதுவா?"

அன்று வந்த கப்பலில் இடம் இல்லை. அடுத்தது இரண்டு வாரம் கழித்து. இதுதான் குத்தூஸுக்குக் கிடைத்த தண்டனையிலேயே கடினமான பகுதி என்று சொல்லலாம். அந்த இரண்டு வாரமும் திருநாவுக்கரசு ஹட் பேயிலேயே இருந்தான். அரைமைல் தள்ளி ரோடு போட்டுக்கொண்டிருந்தான். ஞாயிறு மூன்றரைக்கு குத்தூஸ் தண்ணீர் வைத்தார். இரண்டு கிளாஸைக் கழுவினார். நான்கு மணிக்கு அவன் கடைக்கு எதிரே நடந்து போனான், வங்காளி கடையில் வாங்கிய அரிசிப் பையோடு. சட்டைப் பொத்தான் கழுத்துவரை போட்டிருந்தது. இந்தப் பக்கம் திரும்பவில்லை. டீ ஆறியபின் குத்தூஸ் இரண்டு கிளாஸையும் தானே குடித்தார்.

கப்பல் நாளன்று சுசீலாவின் கடிதக் கட்டை எடுத்துக்கொண்டு படகுத்துறைக்குப் போனார். திருநாவுக்கரசு தகரப் பெட்டிமேல் உட்கார்ந்திருந்தான். அவனைச் சுற்றி இந்தியும் வங்காளமும் கோழிக் கூடைகளும்.

"இது ஒன்னோடது," என்று நீட்டினார்.

வாங்கிக்கொண்டான்.

"படிச்சுக் காட்ட ஆளு வேணுமே ஒனக்கு."

"எழுதுனவளே அங்கிட்டு இருக்கா பாய். படிக்க வேணாம்."

படகுக்காரன், "சலோ, சலோ" என்று கத்தினான். திருநாவுக்கரசு பெட்டியைத் தோளில் ஏற்றினான்.

"போறேன் பாய்."

முதுகுளத்தூர்ப் பக்கத்தில் யாரும் அப்படிச் சொல்லிக்கொண்டு கிளம்புவதில்லை. கீழக்கரையிலும் இல்லை.

கடைக்குத் திரும்பியதும் குத்தூஸ் புத்தகத்தின் கடைசிப் பக்கத்தைத் திறந்தார். பெயர் என்ற இடத்தில் அப்துல் குத்தூஸ் என்று எழுதினார். கார்த்திகைக் கப்பலில் தொடங்கி, போடாத உறை, பிஸ்கட் டின், ஜனவரி இருபதாம் தேதி மீன் வரை ஒன்றையும் விடாமல் எழுதினார். விவரம் கேட்டுப் பழக்கப்படுத்தியவர்கள் அவர்கள்தானே. போர்ட் பிளேருக்கு அனுப்பினார்.

அடுத்த கப்பலில் பக்தவத்சலமே வந்துவிட்டார். கையில் புத்தகம்.

"என்ன பாய் இது?"

"எழுதியிருக்கேனே சார்."

"இதை நான் எந்த ஃபைல்ல வைக்கிறது? அவன்மேல நீங்க புகார் சொன்னா ஃபாரம் இருக்கு. உங்கமேல அவன் சொன்னாக்கூட எதையாவது பண்ணலாம். உங்கமேல நீங்களே சொல்றதுக்கு ஃபாரமே கிடையாது."

"ஒண்ணு அச்சடிங்க சார்."

"விளையாடாதீங்க. திட்டத்துல இருந்தது ஒரு ஆளு. அவன் திருந்திட்டான். நூத்துக்கு நூறு. டெல்லிக்குப் போயாச்சு. இப்போ போய் இதைச் சொன்னா நூறு என்ன ஆகும்?"

"அவன் என்னைக்கு சார் கெட்டிருந்தான்? ஒரு தார்ப்பாய். அதுவும் அஞ்சு பேரு நனையாம இருக்க."

"அதையேதான் நானும் சொல்றேன். அவனும் நல்லவன், நீங்களும் நல்லவர். ரெண்டு நல்லவங்க ஞாயித்துக்கிழமை தாயம் ஆடியிருக்கீங்க. இதுல குத்தம் எங்கே வந்தது?"

"அவன் மடியில உக்கார வேண்டிய பிள்ளை சார்..."

பக்தவத்சலம் புத்தகத்தை மூடினார். அவரும் குடும்பத்தை மயிலாப்பூரில் விட்டுவிட்டு, அந்த ஒற்றை அறையில் டைப்ரைட்டரோடு இருப்பவர்தான். "ஒரு தடவை ஊருக்குப் போயிட்டு வாங்க பாய்," என்றார் கடைசியில். புத்தகத்தைக் கல்லாமேல் வைத்தார். எழுதிய பக்கத்தைக் கிழிக்கவில்லை. எடுத்துக்கொண்டும் போகவில்லை.

யாரும் தண்டிக்க மாட்டேன் என்றதால் குத்தூஸ் தானே தண்டித்துக்கொண்டார். முன்மாதிரி கைவசம் இருந்தது. இரண்டு வருடம். தீவை விட்டுப் போகக் கூடாது. ஞாயிறுதோறும் நான்கு மணிக்கு ஆஜர். ரஹ்மத்துன்னிசாவுக்கும் எழுதினார்: இரண்டு வருடத்துக்கு வர இயலாது, காரணம் கேட்க வேண்டாம். மறு கப்பலில் பதில் வந்தது. அவள் காரணம் கேட்கவில்லை. வீட்டுக் கூரை மாற்றியதையும், மாமி மகள் நிக்காஹ்வையும் எழுதி, இந்த நோன்புக்காவது வருவீங்கதானே என்று எப்போதும்போல் முடித்திருந்தாள். பதினொரு வருடம் தண்டனை இல்லாமலே வராதவர் இப்போது தண்டனையால் வரவில்லை என்பது கீழக்கரையில் யாருக்கும் வித்தியாசமாகப் படவில்லை.

ஹட் பேயில் அதன்பிறகு நிறையத் தமிழர்கள் வந்தார்கள் என்கிறார்கள். எண்ணெய்ப்பனைத் தோட்டம் வந்தது, இலங்கையிலிருந்து திரும்பிய குடும்பங்கள் வந்தன. கடையில் தமிழ் காதில் விழ ஆரம்பித்தது. யாராவது சோப்புப் பெட்டியைத் தூக்கப் போனால் குத்தூஸ் தடுத்துவிடுவார். உள்ளே திருநாவுக்கரசின் கடைசிக் காய் வீடு சேர்ந்து பழமாக இன்னும் இரண்டு கட்டம் பாக்கி இருந்தது.

முதுகுளத்தூரிலிருந்து கடிதம் எதுவும் வரவில்லை.

ஞாயிறு நான்கு மணிக்குக் குத்தூஸ் சட்டைப் பொத்தானைக் கழுத்துவரை போட்டுக்கொண்டு, கல்லாவின் இந்தப் பக்கம், வாங்க வருகிறவர்கள் நிற்கும் இடத்தில் வந்து நிற்பார். புத்தகத்தைத் தன்பக்கம் திருப்பித் தேதி போடுவார். வந்தாரா என்ற கட்டத்தில், "வந்தார்" என்று எழுதுவார். நடத்தைக் கட்டத்தைத் தொடமாட்டார். அதை எதிரே உட்கார்ந்திருக்கிறவர்தான் எழுத வேண்டும் என்பது அலுவலக விதி.